"சேர்த்துக்க மாட்டேங்கிறாங்க": கீழே விளையாடும் கூட்டத்தில் பெரியவர்கள் எப்போது தலையிடுவது, எப்போது சும்மா இருப்பது

பெங்களூரில் ஏப்ரல், மே என்றால் பள்ளி லீவு. அம்மாவும் அப்பாவும் வேலைக்குப் போகிற வீடுகளில் சாயங்காலம் கீழே இறங்குகிற பிள்ளைகள் இருட்டிய பிறகுதான் மேலே ஏறுகிறார்கள். சர்ஜாபூர் ரோடு, பெல்லந்தூர் பக்கம் என்றால் அபார்ட்மெண்ட் போடியம், அதாவது பார்க்கிங்குக்கு மேலே இருக்கிற திறந்தவெளி. அல்சூர், மர்ஃபி டவுன், ஸ்ரீராம்புரம் என்றால் தெருவே மைதானம். எங்கே ஆனாலும், பெரியவர்கள் இல்லாத அந்த இரண்டு மூன்று மணி நேரத்தில் யார் பேட் பிடிப்பது, யார் பந்து பொறுக்குவது, யாரோடு யார் பேசக்கூடாது என்பதெல்லாம் அங்கேயே முடிவாகிவிடுகிறது. நம் காதுக்கு வந்து சேர்வது கடைசி வரி மட்டும்: "அம்மா, என்னைச் சேர்த்துக்க மாட்டேங்கிறாங்க."

இதைக் கேட்ட உடனே செருப்பை மாட்டிக்கொண்டு நியாயம் கேட்கப் போகிறவர்கள் உண்டு. "இதெல்லாம் ஒரு விஷயமா, போய் டிவி பாரு" என்று அனுப்பிவிடுகிறவர்களும் உண்டு. இரண்டிலும் எனக்கு உடன்பாடு இல்லை. ஆட்டம் நடக்கும்போது நம்மால் ஆகக்கூடியது கொஞ்சம்தான், ஆட்டம் தொடங்குவதற்கு முன்னால் செய்யக்கூடியதுதான் நிறைய, அதைத்தான் யாரும் செய்வதில்லை.

முதலில் சும்மா பாருங்கள்

ஒரு வாரம் போல, முடிகிற நாட்களில், கீழே போய் உட்காருங்கள். பிள்ளைகள் கண்ணுக்குத் தெரியவேண்டும், அவர்கள் பேசுவதை ஒட்டுக்கேட்கிற தூரமாக இருக்கக்கூடாது. கையில் போன் இருந்தால் போதும், உங்களை யாரும் மதிக்கமாட்டார்கள். அது இங்கே நல்லதுதான்.

யார் பேட், யார் பந்து என்று பாருங்கள். பேட்டுக்குச் சொந்தக்காரன் முதலில் பேட் பிடிப்பான், அவுட் ஆனால் அது ட்ரையல் பால் என்பான், ஒத்துக்கொள்ளாவிட்டால் பேட்டை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுவான், ஆட்டம் அதோடு காலி. ஆனால் உண்மையான செல்வாக்கு பல நேரம் அவனிடம் இருக்காது. விதிகள் எல்லாம் தெரிந்த ஒருத்தன் இருப்பான்; செடித்தொட்டியில் பட்டால் ரெண்டு, கார் மேல் பட்டால் அவுட், ஒன் பிட்ச் கேட்ச் உண்டா இல்லையா என்பதையெல்லாம் அவன்தான் சொல்வான். அவன் சொன்னால் சரி. இன்னொரு பக்கம், ஊஞ்சல் அருகில் ஒரு பெண் "இன்னிக்கு அவகூட எல்லாரும் காய்" என்று சொல்லிவிட்டால் அன்றைக்கு அந்த இன்னொரு பெண்ணோடு ஒருவரும் பேசமாட்டார்கள், பழம் விடச் சொல்லி உத்தரவு வரும் வரை. (இது பெண் பிள்ளைகள் குணம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், பையன்களும் அதே அளவுக்குச் செய்கிறார்கள், சத்தம் கொஞ்சம் கூட, அவ்வளவுதான்.)

எல்லோரையும் தன் பேச்சைக் கேட்கவைக்கிற பிள்ளை என்றாலே ரவுடி என்று முடிவு கட்டவேண்டாம். பாட்ரீஷியா ஹாலி என்கிற அமெரிக்க உளவியலாளர் இதைத்தான் நீண்ட காலம் ஆராய்ந்தார். அதட்டவும் தெரிந்து, அனுசரித்துப் போகவும் தெரிந்த பிள்ளைகளுக்குத்தான் கூட்டத்தில் செல்வாக்கு அதிகம் என்று அவர் கண்டார். நீங்களே பார்க்கலாம்: மிரட்டுகிற அதே பையன் கீழே விழுந்த சின்னவனைத் தூக்கி நிறுத்தி முட்டியைக் கழுவியும் விடுவான்.

அப்புறம் எழுதப்படாத பிரிவுகள். எந்த பிளாக், எந்த ஸ்கூல், ஓனரா டெனன்ட்டா. ஒன்பது வயதுப் பிள்ளைக்கு டெனன்ட் என்றால் என்ன என்று எப்படித் தெரியும்? லிஃப்டில் நாம் பேசுவதிலிருந்துதான்.

உள்ளே நுழைவது ஒரு வித்தை, அதைச் சொல்லிக்கொடுக்கலாம்

புதிதாக வந்த பிள்ளைக்கு நாம் வழக்கமாகச் சொல்லிக்கொடுப்பது "போய் நானும் வரட்டுமான்னு கேளு" என்பதுதான். அனேகமாக இதைவிட மோசமான யோசனை கிடையாது. அந்தக் கேள்விக்கு "முடியாது" என்று சொல்வது ரொம்ப சுலபம், சொன்ன பிறகு அதை மாற்றிக்கொள்வது எல்லோர் முன்னாலும் கௌரவப் பிரச்சினை ஆகிவிடும்.

மார்த்தா புட்டல்லாஸ், ஜான் காட்மேன் என்ற இருவர் 1981ல் இதைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். ஏற்கெனவே விளையாடிக்கொண்டிருக்கிற பிள்ளைகளிடம் இன்னொரு பிள்ளையை அனுப்பி, எப்படிச் சேர முயல்கிறது என்று கவனித்தார்கள். தன்னைப் பற்றியே பேசுவது, நடக்கிற ஆட்டத்தில் குறை சொல்வது, சும்மா சும்மா கேள்வி கேட்பது, இதெல்லாம் கூட்டத்தின் கவனத்தைத் தன் பக்கம் இழுக்கிற வேலை. இப்படிச் செய்த பிள்ளைகள் ஒதுக்கப்பட்டார்கள். என்ன நடக்கிறது என்று பார்த்து, அதற்குப் பொருந்துகிற மாதிரி ஏதாவது செய்தவர்கள் சேர்ந்துகொண்டார்கள். பாலர் பள்ளிகளில் பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்து கவனித்த வில்லியம் கோர்சாரோ இன்னொன்றையும் சொல்கிறார். "நீ வராதே" என்று சொல்வதற்குக் காரணம் பெரும்பாலும் வந்தவர் மேல் வெறுப்பு இல்லை. கஷ்டப்பட்டு உண்டாக்கிய ஆட்டம் கலைந்துவிடுமோ என்ற பயம்தான்.

அதனால் பிள்ளைக்கு இப்படிச் சொல்லுங்கள். போய்ப் பக்கத்தில் நில்லு. என்ன ஆட்டம், யார் எந்தப் பக்கம் என்று பார். பந்து உன் பக்கம் வந்தால் எடுத்து ஒழுங்காக வீசு. நல்ல ஷாட் என்றால் நல்ல ஷாட் என்று சொல்லு. ஆட்டத்துக்கு என்ன தேவைப்படுகிறது என்று தெரிந்துவிட்டால் அதைக் கேளு: "பார்க்கிங் பக்கம் ஆளே இல்ல, நான் நிக்கட்டுமா?" வேண்டாம் என்றால் சண்டை போடாமல் கொஞ்ச நேரம் கழித்து இன்னொரு தடவை. அதற்கும் சரிப்படவில்லையென்றால், ஓரமாக நிற்கிற இன்னொருத்தரைக் கூட்டிக்கொண்டு பக்கத்திலேயே வேறு ஏதாவது ஆரம்பி; பல நாள் பெரிய கூட்டத்திலிருந்து இரண்டு பேர் தானாகவே இந்தப் பக்கம் வந்துவிடுவார்கள்.

நேரமும் முக்கியம். எல்லோரும் சேர்ந்து அணி பிரித்து முடித்த பிறகு ஐந்தேகாலுக்குப் போகிறவன் எப்போதும் மிச்சம். நாலரைக்கே கீழே இருக்கிறவனைக் கணக்கில் எடுத்தே ஆகவேண்டும். பால் குடிக்க வைக்கிற நேரத்தைக் கொஞ்சம் முன்னே தள்ளினாலே பாதி வீடுகளில் இந்தப் பிரச்சினை தீர்ந்துவிடும் என்று நினைக்கிறேன்.

மதுரையிலிருந்தோ திருச்சியிலிருந்தோ மாற்றலாகி வந்த குடும்பம் என்றால் மொழிப் பயம் வேறு. கீழே கன்னடம், ஹிந்தி, இங்கிலீஷ் எல்லாம் கலந்து ஓடும். பயப்படத் தேவையில்லை. ஓடு, கொடு, நில்லு மூன்றும் கன்னடத்திலும் அதேதான், ஓடிப்பிடித்து விளையாட அதுவே ஏறக்குறைய போதும். லகோரி என்றால் கல்லை அடுக்கி வைத்துப் பந்தால் அடிக்கிற செவன் ஸ்டோன்ஸ், குண்டே பில்லே என்றால் நம் பாண்டி ஆட்டம், சின்னி தாண்டு என்றால் கிட்டிப்புள். இவற்றை முதல் நாளே சொல்லி அனுப்புங்கள். ஹிந்தி டியூஷன் அவசரம் இல்லை.

ஒப்புக்குச் சப்பாணியை எதிர்த்துச் சண்டைக்குப் போகாதீர்கள்

பெயர் கொஞ்சம் மோசம்தான், ஆனால் ஏற்பாடு பிரமாதம். ஐந்து வயதுத் தம்பியை அழைத்து வந்தே ஆகவேண்டிய அக்காவுக்காகப் பிள்ளைகளே உண்டாக்கிய வழி இது: ஓடலாம், பிடிபட்டாலும் அவுட் இல்லை, ஜெயித்தாலும் கணக்கில்லை. கன்னடப் பிள்ளைகள் இதையே "ஆட்டக்குண்டு லெக்கக்கில்லா" என்பார்கள், மும்பைப் பிள்ளைகள் "கச்சா லிம்பு" என்பார்கள். எந்தப் பெரியவரும் உட்கார்ந்து சட்டம் எழுதாமல் இத்தனை ஊரில் இது இருக்கிறது. "என் பையன் மட்டும் என்ன கணக்கில்லையா" என்று கேட்டுப் போகிற அம்மாக்களைப் பார்த்திருக்கிறேன். கேட்டால் கணக்கில் சேர்ப்பார்கள். இரண்டாவது பந்தில் அவுட்டாகி அவன் அழுவான், மறுநாள் அவனும் இருக்கமாட்டான், அக்காவும் இருக்கமாட்டாள்.

பார்க்கவேண்டியது வயதையும் காலத்தையும். சின்னப் பிள்ளை சில மாதம் அப்படி இருந்து, ஆட்டம் பிடிபட்டதும் மேலே ஏறிவிட்டால் நல்லது. மற்றவர்களின் வயதே இருக்கிற ஒரு பிள்ளையை, குண்டாக இருக்கிறான் என்றோ திக்கிப் பேசுகிறான் என்றோ தினமும் அதே இடத்தில் வைத்திருந்தால் அது விளையாட்டே இல்லை.

ஆட்டத்துக்கு முன்னால்: பெரியவர்கள் உண்மையாகவே உதவக்கூடிய இடம்

முதல் வேலை, பொதுச் சாமான். நாலு வீடு காசு போட்டு ஒரு பேட், ஒரு டஜன் டென்னிஸ் பந்து, ஒரு ஸ்கிப்பிங் கயிறு, இரண்டு ஷட்டில் பேட் வாங்கி செக்யூரிட்டி அறையில் வையுங்கள். யாருடைய பொருளும் இல்லை என்றால் யாரும் அதை எடுத்துக்கொண்டு கோபமாக வீட்டுக்குப் போகமுடியாது. ஒரு ராஜாவின் நாற்காலி அதோடு போயிற்று. பேட் எங்கே இருக்கிறது, தொலைந்தால் யார் சொல்வது என்கிற பொறுப்பை வாரம் ஒருவராக மாற்றிக்கொள்ளச் சொல்லுங்கள். அது யார் என்பதை அவர்களே முடிவு செய்யட்டும்.

இரண்டாவது, அணி பிரிப்பது. இரண்டு கேப்டன் நின்று ஒவ்வொருவராகக் கூப்பிடுவது தினமும் ஒரே பிள்ளையைக் கடைசியில் நிற்கவைக்கிற ஏற்பாடு. சா பூ த்ரீ போட்டுப் பிரித்தால் அந்தக் கேவலம் கிடையாது. ஒற்றைப்படையாக ஒருவர் மிஞ்சினால் இரண்டு பக்கமும் பேட் பிடிக்கிற காமன் ஆளாக வைத்துக்கொள்ளலாம், அதற்குப் பிள்ளைகள் போட்டியே போடுவார்கள்.

மூன்றாவதுதான் எனக்கு முக்கியம். பிளாக் வாரியாக நிரந்தர அணி போடாதீர்கள். அசோசியேஷன்காரர்களுக்கு ஸ்போர்ட்ஸ் டே என்றாலே டவர் ஏ, டவர் பி, ஆளுக்கொரு கலர் டி-ஷர்ட், சுழற்கோப்பை. அது எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கு ஒரு பழைய கதை இருக்கிறது. 1954ல் முசாஃபர் ஷெரிஃப் என்ற உளவியலாளர், அமெரிக்காவின் ஓக்லஹோமாவில் ராபர்ஸ் கேவ் என்ற வனப் பூங்காவில், ஒருவரை ஒருவர் முன்பின் தெரியாத பதினோரு வயதுப் பையன்கள் 22 பேரை இரண்டு கூட்டமாக முகாமில் வைத்தார். ஒரு கூட்டம் தனக்கு ராட்லர்ஸ் என்று பெயர் வைத்துக்கொண்டது, இன்னொன்று ஈகிள்ஸ். கோப்பை, மெடல், பேனாக்கத்தி என்று பரிசு வைத்துப் போட்டி நடத்தியதும் ஒருவர் கொடியை ஒருவர் கொளுத்தினார்கள், ராத்திரியில் மற்றவர் அறைக்குள் புகுந்து சாமான்களைக் கலைத்தார்கள். பிறகு சமாதானமாகட்டும் என்று ஒன்றாக உட்காரவைத்துச் சாப்பாடு போட்டால் சாப்பாட்டை எடுத்தே எறிந்துகொண்டார்கள். கடைசியில் வேலை செய்தது வேறு. முகாமுக்குத் தண்ணீர் வராமல் செய்து எல்லோரையும் சேர்ந்து தேடவைத்தார்கள். உணவு வாங்கப் போகவேண்டிய லாரி கிளம்பவில்லை என்று சொல்லி எல்லோரையும் கயிறு கட்டி இழுக்கவைத்தார்கள். போட்டியில் எதிரெதிராக நின்று இழுத்த அதே கயிறு.

பலரும் சொல்லாமல் விடுகிற பாதி ஒன்று உண்டு. அதற்கு முந்தைய ஆண்டு, 1953ல், நியூயார்க் மாநிலத்தில் இதே ஷெரிஃப் இதே மாதிரி ஒரு முகாம் நடத்தி, பாதியில் கைவிட்டார். அங்கே பையன்களை முதலில் ஒன்றாகப் பழகவிட்டு அப்புறம்தான் பிரித்தார்கள். சண்டை மூட்டுவதற்காக ஊழியர்கள் ரகசியமாகச் சேட்டை செய்து பார்த்தும் பையன்கள் மோதிக்கொள்ளவில்லை, பெரியவர்கள்மேல்தான் சந்தேகப்பட்டார்கள். முதலில் நண்பர்களானவர்களைப் பிறகு பிரித்து மோதவைப்பது கஷ்டம். 1965ல் டோங்கா தீவில் ஒரே விடுதிப் பள்ளியில் படித்த ஆறு பையன்கள் படகில் கிளம்பி, புயலில் சிக்கி, அட்டா என்ற ஆளில்லாத தீவில் ஒதுங்கினார்கள். 1966 செப்டம்பரில் பீட்டர் வார்னர் என்ற ஆஸ்திரேலியர் கண்டுபிடிக்கும் வரை சுமார் பதினைந்து மாதம் அங்கேயே இருந்தார்கள். முறை வைத்து வேலை பார்த்தார்கள், சண்டை வந்தால் ஆளுக்கொரு பக்கம் போய் ஆறிவிட்டு வந்தார்கள், கால் உடைந்த ஒருவனுக்கு மற்றவர்களே கட்டுப் போட்டுப் பார்த்துக்கொண்டார்கள். அவர்களுக்கும் ஒருவரை ஒருவர் முன்னாலேயே தெரியும்.

ஆக, நம் வளாகத்தில் செய்யவேண்டியது இதுதான். அணியைத் தினமும் கலைத்துப் போடச் சொல்லுங்கள். விநாயகர் சதுர்த்திக்கு மேடை அலங்காரம், தீபாவளிக்குக் கோலம், இந்த மாதிரி வேலை ஏதாவது வந்தால் எல்லா பிளாக் பிள்ளைகளையும் கலந்து ஒரு வேலையைக் கொடுத்துவிட்டு நகர்ந்துவிடுங்கள். நகர்வதுதான் கஷ்டம், தெரியும்.

செக்யூரிட்டி அண்ணாவின் மகள், வீட்டு வேலைக்கு வருகிற அக்காவின் பையன் ஆகியோரைப் பிள்ளைகள் பெரும்பாலும் சேர்த்துக்கொள்வார்கள், பந்து போடத் தெரிந்தால் போதும். "ரெசிடென்ட்ஸ் மட்டும்" என்று விளையாட்டு இடத்தில் போர்டு மாட்டுவது நாம்தான். அடுத்த கூட்டத்தில் அந்த போர்டைப் பற்றிப் பேசுங்கள், பிள்ளைகளுக்கு நல்லொழுக்கம் பற்றி அப்புறம் பேசலாம்.

நடுவில் எப்போது போவது

அவுட்டா இல்லையா சண்டைக்குப் போகாதீர்கள். அரை மணி நேரம் கத்திக்கொண்டே இருந்தாலும் சரி. ஆட்டம் தொடரவேண்டும் என்ற ஆசை எல்லோருக்கும் இருப்பதால் அவர்களே ஒரு முடிவுக்கு வருவார்கள், அதில்தான் அவர்கள் கற்றுக்கொள்வதும். நீங்கள் அம்பயராக நின்றால் நீங்கள் இருக்கும் வரை ஒழுங்கு இருக்கும். 1930களின் கடைசியில் அமெரிக்காவின் அயோவாவில் சிறுவர் சங்கங்களை வைத்துப் பார்த்தபோதும் அப்படித்தான் நடந்தது: எல்லாவற்றுக்கும் உத்தரவு போடுகிற தலைவர் அறையைவிட்டுப் போனதும் வேலையும் நின்றது, சில சங்கங்களில் எல்லோரும் சேர்ந்து ஒருத்தனைக் குத்திக்காட்டவும் ஆரம்பித்தார்கள்.

காய் விட்டால் இரண்டு நாள் பொறுங்கள்.

போகவேண்டிய நேரங்கள் வேறு. சம்ப் எனும் தரைக்கடித் தண்ணீர்த் தொட்டியின் மூடி, மொட்டைமாடி, பேஸ்மெண்ட்டில் வருகிற கார் என்றால் யோசிக்கவே வேண்டாம், உடனே. ஒரே பிள்ளைக்கு ஒரே விஷயம் திரும்பத் திரும்ப நடக்கிறது, வேண்டுமென்றே நடக்கிறது, திருப்பிக் கொடுக்க அந்தப் பிள்ளைக்கு பலம் இல்லை என்றால் போகவேண்டும். நார்வேயின் டான் ஓல்வேயஸ் சீண்டலுக்குச் சொன்ன மூன்று அடையாளமும் அவைதான். ஜாதி, மதம், நிறம், உடம்பு, அப்பாவின் வேலை இவற்றைச் சொல்லிக் கூப்பிட்டால் முதல் தடவையே போகவேண்டும். காசோ தின்பண்டமோ வாங்கிக்கொண்டு சேர்த்துக்கொள்கிறார்கள் என்றாலும், அழுகிற பிள்ளையை போனில் வீடியோ எடுக்கிறார்கள் என்றாலும் அப்படியே. பெரிய பிள்ளையோ பெரியவரோ தொடக்கூடாத விதமாகத் தொட்டார் என்று தெரிந்தால் அது அபார்ட்மெண்ட் பஞ்சாயத்தில் முடிக்கிற விஷயமே இல்லை. 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டப்படி தெரிந்தவர் புகார் கொடுத்தே ஆகவேண்டும். 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணையும் அழைக்கலாம்.

போகிற விதமும் இருக்கிறது. பால்கனியிலிருந்து கத்தாதீர்கள், உங்கள் பிள்ளையின் மானமும் சேர்ந்து போகும். இறங்கிப் போங்கள், இரண்டு வாக்கியம் பேசுங்கள்: "இந்தப் பேர் சொல்லி இங்க யாரும் கூப்பிடக்கூடாது. ஆட்டத்தை ஆரம்பிங்க." எல்லோர் முன்னாலும் "சாரி சொல்லு" என்று நிற்கவைத்தால் வாய் சாரி சொல்லும், நாளைக்கு அதற்கும் சேர்த்துக் கணக்குத் தீர்ப்பார்கள். தலைவனிடம் தனியாகப் பேசுங்கள், முடிந்தால் ஒரு பொறுப்போடு: "புதுசா வந்த பையனுக்கு ரூல்ஸ் சொல்லிக்குடுக்க ஆள் வேணும்."

இன்னொன்று, சும்மா நிற்கிறவர்களைக் கவனியுங்கள். 2001ல் வெளியான ஒரு கனடா ஆய்வில், பள்ளி மைதானத்தில் ஒருவரைச் சீண்டும்போது உடனிருந்த பிள்ளைகளில் யாராவது குறுக்கிட்டால் பாதிக்கு மேற்பட்ட தடவை பத்து விநாடிக்குள் அது நின்றுபோயிருக்கிறது. பெரிய வசனம் தேவையில்லை. "டேய் விடுடா, ஓவர் போடு" போதும். தைரியமான, அதிகம் பேசாத பிள்ளை ஒவ்வொரு கூட்டத்திலும் ஒன்று இருக்கும். அந்தப் பிள்ளைக்கு இந்த ஒரு வரியைச் சொல்லிக்கொடுங்கள்.

வாட்ஸ்அப் குரூப்பில் மட்டும் போடாதீர்கள். "சில பெற்றோர்கள் தங்கள் பிள்ளைகளை..." என்று ஆரம்பிக்கிற மெசேஜ் ராத்திரி பதினோரு மணிக்குள் பார்க்கிங் தகராறு வரை போய்விடும். பிள்ளைகள் அதற்குள் பழம் விட்டு ஒன்றாக சைக்கிள் ஓட்டிக்கொண்டிருப்பார்கள், நீங்கள் லிஃப்டில் முகத்தைத் திருப்பிக்கொண்டு நிற்பீர்கள். பேசியே ஆகவேண்டும் என்றால் இரண்டு நாள் கழித்து நேரில், "நம்ம பசங்க" என்று தொடங்கிப் பேசுங்கள்.

வீட்டில்

அழுதுகொண்டு வந்தால் முதலில் தண்ணீர், அப்புறம் சாப்பிட ஏதாவது. "யாருடா பண்ணது?" என்பதை முதல் கேள்வியாகக் கேட்காதீர்கள், என்ன ஆட்டம், எப்படிப் பிரித்தீர்கள் என்று கேட்டால் தானாக முழுக் கதையும் வரும். "அவங்க கெடக்காங்க விடு" என்றும் சொல்லாதீர்கள். கம்ப்யூட்டரில் பந்து தூக்கிப்போடுகிற ஒரு விளையாட்டை வைத்து கிப்லிங் வில்லியம்ஸ் என்பவரும் உடனிருந்தவர்களும் சோதித்தார்கள். எதிரில் ஆளே இல்லை, வெறும் கம்ப்யூட்டர்தான் பந்தைத் தரவில்லை என்று தெரிந்தும் பெரியவர்களுக்கே மனசு வலித்தது. பிள்ளைக்கு வலிக்காதா?

பத்துப் பேர் கூட்டத்தில் இடம் வாங்கித் தருவதைவிட, அதில் ஒரு பிள்ளையை மட்டும் ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்குக் கூப்பிட்டுத் தோசை போடுவது எளிது. கீழே ஒரு ஆள் தன் பக்கம் இருந்தால் பிள்ளைக்குத் தெம்பு வந்துவிடும். வாரக்கணக்கில் கீழே போகவே மறுக்கிறது, அந்த நேரம் வந்தாலே வயிற்றுவலி என்கிறது, தூக்கம் கெட்டிருக்கிறது என்றால் தள்ளிப்போடாமல் டாக்டரிடம் காட்டுங்கள். நம் ஊர் நிம்ஹான்ஸ் மருத்துவமனையில் பிள்ளைகளுக்கென்றே மனநலப் பிரிவு இருக்கிறது.

எல்லோரும் ஒதுக்கப்பட்ட பிள்ளையின் அப்பா அம்மாவாகவே இதைப் படிப்பீர்கள். ஆனால் யாரோ ஒருவர் வீட்டுப் பிள்ளைதான் அங்கே காய் விடச் சொல்கிற பிள்ளை. உங்கள் பிள்ளை எப்போதும் ஜெயித்துவிட்டே வருகிறது, எல்லோரும் அது சொன்னபடிதான் கேட்கிறார்கள், ஒருநாளும் பந்து பொறுக்கியதில்லை என்றால் பெருமைப்படுவதற்கு முன்னால் கொஞ்சம் விசாரியுங்கள். அடிக்கவேண்டாம், திட்டவேண்டாம், புது பேட் வாங்கித் தருவதை நிறுத்துங்கள். சாப்பிடும்போது "இன்னிக்கு யாரு விளையாடாம சும்மா நின்னாங்க?" என்று கேளுங்கள். பதில் வராவிட்டாலும் மறுநாளும் கேளுங்கள்.